அங்காலையில் நாம் கட்டிய வீடு

என் மச்சானுக்கு,

காற்றுக்கும் மழைக்கும் எட்டாத இடத்தில் நீங்கள் படுத்திருக்க, கூரைக்கும் திரைக்கும் நடுவில் இருந்துகொண்டு உங்கள் றாபியா ஸலாம் சொல்லி எழுதுகிறேன்.

எழுதத் தொடங்கும்போதே சிரிப்பு வருகிறது. உங்களுக்கு ஒரு எழுத்தும் வாசிக்கத் தெரியாது. கூப்பன் புத்தகத்தில்கூடப் பெருவிரலைத்தான் வைத்தீர்கள். நான் ஐந்தாம் வகுப்பு வரை படித்தவள் என்று ஊரெல்லாம் பெருமை பேசிவிட்டு, வீட்டுக்கு வந்த கடதாசியை என் மடியில் போட்டு, "நீ வாசி கா, நான் கேக்கன்" என்று கண்ணை மூடிக்கொள்வீர்கள். இப்போது இதை அங்கே யார் உங்களுக்கு வாசித்துக் காட்டுவார்?

புருஷனைப் பறிகொடுத்தவள் இருக்கிற இத்தா முடிந்து இன்றைக்கு ஒன்பது நாள். நாலு மாதமும் பத்து நாளும் இந்த அறைக்குள் இருந்தேன். வெள்ளைப் புடவை, யன்னலுக்கு வெள்ளைத் துணி, வாசலுக்கும் வெள்ளைத் துணி. தங்கச்சி ஸுபைதா சோற்றுக் கோப்பையோடு வருவாள், போவாள். வாசலைக் கடக்கிற ஆம்பிளைகள் குரலைத் தாழ்த்திக்கொண்டு போவார்கள். மௌத்தான வீட்டுக்குக் கொடுக்கிற மரியாதை அது. அந்த மரியாதைக்குப் பின்னால் ஒளிந்துகொண்டு நான் ஒரு வேலை செய்தேன். அதை உங்களிடம் சொல்லத்தான் இந்தக் கடிதம். வேறு யாரும் எடுத்து வாசித்தாலும் வாசிக்கட்டும், நான் இதை ஒளித்து வைக்கப்போவதில்லை.

அதற்கு முன் அங்காலையைப் பற்றிக் கொஞ்சம் கதைக்க வேண்டும். கதைத்து எத்தனை நாளாகிறது!

நீங்கள் மாப்பிள்ளையாக எங்கள் வீட்டுக்கு வந்த முதல் வருஷம் ஞாபகம் இருக்கிறதா? உம்மா உயிரோடு இருந்தா. மாமியும் மருமகனும் நேருக்கு நேர் கதைக்கிற வழக்கம் நம் ஊரில் இல்லை. நீங்கள் உள்ளே வந்தால் உம்மா அடுப்படிக்குப் போய்விடுவா. உம்மா முற்றத்துக்கு வந்தால் நீங்கள் வேலிப் பக்கம் திரும்பி நிற்பீர்கள். போக இடமில்லாமல் பின்னேரம் அஸர் தொழுகைக்குப் பிறகு பூவரச மரத்தடியில் கிழிந்த வலை பொத்திக்கொண்டு இருப்பீர்கள். நான் அந்தப் பக்கம் தறிக்கு நூல் சுற்றிக்கொண்டிருப்பேன். நமக்குள் கதைக்க ஒன்றும் இருக்கவில்லை. நீங்கள் களப்பில் மீன் பிடிக்கிற மனிசன், ஆற்றுவாய் வெட்ட வழி காட்டுகிற மனிசன் என்பது மட்டும்தான் எனக்குத் தெரியும். களப்பு நிரம்பிக் கடலுக்குப் போக வழியில்லாமல் நிற்கும்போது, இரண்டுக்கும் நடுவில் கிடக்கிற மணல் கரையை எங்கே வெட்ட வேண்டும் என்று ஊர் உங்களைத்தான் கேட்கும். அந்த இடத்துக்கு நான் போனதே இல்லை. எந்தப் பொம்பிளையும் போனதில்லை.

ஒரு நாள் வாய் சும்மா இருக்காமல், களப்புக்கு அப்பால் கை காட்டிக் கேட்டேன், "அங்கால என்ன இரிக்கி?"

நீங்கள் வலை ஊசியை வாயில் கடித்துக்கொண்டு ஒரு முடிச்சை இறுக்கினீர்கள். பிறகு சொன்னீர்கள், "அங்கால ஒரு நாடு இரிக்கி."

"நாடா? ஆர் இரிக்காங்க?"

"அது எனக்குத் தெரியா. மண்ணும் காத்தும் தண்ணியும்தான் நான் கண்டது. ஆக்களை நீ சொல்லு."

அப்படித்தான் அங்காலை தொடங்கியது. நிலத்தை நீங்கள் கொண்டுவந்தீர்கள், சனத்தை நான் குடியேற்றினேன். பதினாறு வருஷம்.

அங்காலையில் நிலம் ஒரு இடத்தில் நிற்காது என்று முதல் வாரமே சொல்லிவிட்டீர்கள். கச்சான் காற்று வீசினால் மணல் எழும்பிக் கடல் பக்கம் நடக்கும், வாடைக்காற்று வந்தால் களப்புப் பக்கம் திரும்பி நடக்கும். அப்படியென்றால் வீடுகளுக்கு இரண்டு பக்கமும் வாசல் வேண்டும் என்றேன் நான். கச்சானில் பக்கத்து வீட்டுக்காரியாக இருந்தவள் வாடையில் பின்வீட்டுக்காரி ஆகிவிடுவாள், அதனால் அங்கே வேலிச் சண்டை ஒரு காற்றுக்கு மேல் நீடிக்காது. "உங்கட வீடு எங்க?" என்று யாரையாவது கேட்டால், "இண்டைக்கா?" என்று கேட்பார்கள். நீங்கள் அதற்குச் சிரித்த சிரிப்பில் உம்மா அடுப்படியிலிருந்து எட்டிப் பார்த்தா.

அங்கே ஆறு காலையில் கடலுக்குப் போகும், பின்னேரம் திரும்பி வரும். ஆற்றோடு போன துணி அஸருக்குள் திரும்பிவிடும் என்பதால், அஸருக்கு முன் யாரையும் கள்ளன் என்று சொல்லக்கூடாது என்று நான் ஒரு சட்டம் போட்டேன். மழை மேலிருந்து வராது, கிணற்றுக்குள்ளிருந்து ஊறி எழும்பும், மேகம் அதற்குப் பிறகுதான் வரும். தாழை மரங்கள் வேரைத் தூக்கி வைத்து நடக்கும். நிலம் கடலுக்குள் ஓடிவிடாமல் அடம்பன் கொடியால் கட்டி வைத்திருப்பார்கள். அடம்பன் கொடியும் திரண்டால் மிடுக்கு என்று நம் ஆட்கள் சும்மா சொல்கிற கதை, அங்கே நாட்டையே பிடித்து வைத்திருக்கிற கயிறு. வடக்கே சிப்பி ஓடுகள் குவிந்த மேடொன்று கச்சானில் முனகும்.

"எல்லாம் அசையிற நாட்டில தொழக் கிப்லா எந்தப் பக்கம்?" என்று ஒரு நாள் கேட்டேன். தொழுதுவிட்டு வந்து நாலாம் நாள் சொன்னீர்கள், "நாடு திரும்பும், வீடு திரும்பும், மனிசரும் திரும்புவாங்க. கிப்லா மட்டும் நிண்ட இடத்தில நிக்கும் கா." நான் அதை ஏற்றுக்கொண்டேன்.

மையவாடியைப் பற்றியும் கேட்டேன். அங்காலையில் கபுறுகளும் மணலோடு சேர்ந்து நடக்கும், மௌத்தானவர்கள் ஊரை விட்டுப் பின்தங்க மாட்டார்கள் என்றீர்கள். அன்றைக்கு அது ஒரு விளையாட்டுக் கதையாகத்தான் இருந்தது.

பிள்ளைகளை மட்டும் நாம் அங்கே வைக்கவில்லை. நீங்களும் சொல்லவில்லை, நானும் சொல்லவில்லை. நமக்கு இல்லாததை அங்கே உண்டாக்க இரண்டு பேருக்கும் தைரியம் வரவில்லை.

நம் வீட்டை நீங்கள் வடக்குத் திட்டியில் கட்டினீர்கள். மூன்று தாழை நிற்கிற மணல் மேடு, மூன்றில் ஒன்று சாய்ந்தது. அந்தத் திட்டி ஒவ்வொரு வாடைக்கும் உடைந்து கடலுக்குள் போகும், கச்சான் பிறந்ததும் கொஞ்சம் கொஞ்சமாகத் திரும்பி வரும். வருஷா வருஷம் ஆற்றுவாய் வெட்டிவிட்டு, இடுப்பளவு சேற்றோடு வந்து வாசலில் நின்று, "நம்மட வீடு போயிட்டுது கா" என்பீர்கள். எனக்குக் கோபம் வரும்.

"ஏன் மச்சான், வருஷா வருஷம் உடையிற இடத்திலயா வீட்டைக் கட்டுவாங்க? ஒரு நல்ல இடம் கிடைக்கல்லையா உங்களுக்கு?"

"உடையாத இடத்தில கட்டினா அது திரும்பி வராது கா" என்று சொல்லிவிட்டுக் குளிக்கப் போய்விடுவீர்கள்.

அங்காலையில் கடலோடு யாரும் நேருக்கு நேர் கதைப்பதில்லை என்பதும் நீங்கள் வைத்த விதிதான். முகத்தைத் திருப்பி, தோளைக் காட்டி, பக்கவாட்டில் நின்று கதைக்க வேண்டும். மாமியோடு மருமகன் கதைக்கிற மாதிரி. நேரே போய் நின்றால் கடல் வாயில் மண்ணைப் போட்டு அனுப்பிவிடும். உம்மாவின் காதில் விழப்போகிறது என்று நான் உங்கள் வாயைப் பொத்தினேன்.

பிறகு அந்தக் காய்ச்சல் வந்தது. மழைக்கு முன், ஏழே நாள். ஐந்தாம் நாள் உங்கள் நெற்றியில் ஈரத்துணி வைத்துக்கொண்டு, "அங்காலையில இப்ப என்ன காத்து?" என்று கேட்டேன். கண்ணைத் திறந்து என்னைப் பார்த்துவிட்டுத் திரும்ப மூடிக்கொண்டீர்கள்.

நீங்கள் போன பிறகு அங்காலையில் காற்றே இல்லை. இத்தா அறைக்குள் உட்கார்ந்து எத்தனையோ தரம் முயன்று பார்த்தேன். சனங்களை எழுப்பினேன், கதைக்க வைத்தேன். ஆனால் மணலை என்னால் அசைக்க முடியவில்லை. எல்லோரும் ஒரே இடத்தில் நின்று என்னைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். அப்படி ஒரு தனிமையை நான் அதற்கு முன் அறிந்ததில்லை, மச்சான். மௌத்து வீட்டில் அழுவதற்கு ஆள் சேரும். இதற்கு யாரைச் சேர்ப்பது? என் புருஷன் போய்விட்டார் என்றால் ஊர் விளங்கிக்கொள்ளும். என் நாட்டில் காற்று நின்றுவிட்டது என்றால் ஓதிப் பார்க்க ஆள் கூப்பிடுவார்கள்.

அந்த நேரத்தில்தான் மழை வந்தது.

மேற்கே பெரிய அணை கட்டியிருக்கிறார்கள், இனிக் களப்பு நிரம்பாது என்று தேத்தண்ணிக் கடையில் கதைத்தவர்கள் எல்லாம் ஒரு கிழமைக்குள் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டார்கள். நாவிதன்வெளிப் பக்கம் வயல் எல்லாம் தண்ணீருக்குள். கதிர் பிறக்கக் குடலை கட்டிய நெல், ஒரு மூன்று நாள் மூழ்கினால் வைக்கோலுக்கும் உதவாது. இங்கே களப்போரத் தெருவில் தண்ணீர் வாசற்படி ஏறியது. ஒவ்வொரு வருஷமும் இந்த நேரத்தில் வட்டைவிதானை குடையோடு நம் வாசலுக்கு வருவார். வயலுக்குத் தண்ணீர் விடுவதும் நிறுத்துவதும் அவர் பொறுப்பு, ஆற்றுவாய் வெட்ட ஆள் சேர்ப்பதும் அவர்தான். நீங்கள் தோளில் துவாயைப் போட்டுக்கொண்டு முன்னே நடப்பீர்கள். இந்த வருஷம் முன்னே நடக்க ஆள் இல்லை.

முதல் நாள், கரை எங்கே ஒடுக்கமோ அங்கே நேரே வெட்டினார்கள். வேலை குறைவு என்று நினைத்திருப்பார்கள். இருநூறு பேர், இருநூறு மண்வெட்டி. விடிய முன்பே கடல் அதை மூடிவிட்டது. இரண்டாம் நாள் அதே இடத்தில் இரண்டு மடங்கு அகலமாக வெட்டினார்கள். மத்தியானத்துக்குள் அதையும் மண்ணால் நிரப்பிவிட்டது. ஊர்வாயை மூட உலைமூடி இல்லை என்பார்கள், ஆற்றுவாயை மூடக் கடலுக்கு அரை நாள் போதும் போல.

திரைக்கு இந்தப் பக்கம் இருந்து ஸுபைதா சொல்லச் சொல்லக் கேட்டுக்கொண்டிருந்தேன். அவர்கள் கடலோடு நேரே போய்க் கதைக்கிறார்கள் என்று எனக்கு விளங்கியது. வெட்டிவிட்டு வருகிற நாளில்தானே நம் வீடு போயிட்டுது என்பீர்கள், அதனால் எங்கே வெட்ட வேண்டும் என்றும் தெரிந்தது. வடக்குத் திட்டியின் காலடியில். வாடைக்கு முதுகைக் காட்டித் தெற்கே வளைத்து.

அன்று பின்னேரம் ஸுபைதாவின் புருஷன் இஸ்மாயில் வந்து திரைக்கு அப்பால் நின்றான். உங்களைக் காக்கா என்றும் என்னை லாத்தா என்றும் மூத்தவர்களாக மதிக்கிறவன், அவனோடு நான் நேரே கதைத்ததில்லை. துணியின் கீழே அவன் கால் மட்டும் தெரிந்தது, முழங்கால் வரை சேறு.

"லாத்தா, கோவிச்சுக்காதீங்க. விதானையார் கேக்கச் சொன்னார். காக்கா வீட்டில இரிக்கக்குள்ள இந்த வெட்டுற இடத்தைப் பத்தி ஏதும் கதைச்சவரா?"

நான் யன்னலின் வெள்ளைத் துணியை இழுத்துச் சரிசெய்தேன். அவன் காத்துக்கொண்டு நின்றான்.

"இல்ல தம்பி" என்றேன். "என்னோட அவர் அதெல்லாம் கதைக்கிறல்ல. நான் பொம்புள, எனக்கென்ன தெரியும்?"

"நானும் அதைத்தான் சொன்னன். இத்தாவில இரிக்கிற மனிசியக் கரச்சல் படுத்த வேணாம் எண்டு." அவன் குரலில் வெட்கம் இருந்தது. கால் திரும்பிப் போய்விட்டது.

மச்சான், நான் பொய் சொன்னேன். உங்கள் இத்தாவில் இருந்துகொண்டு பொய் சொன்னேன்.

ஏன் என்று கேட்கிறீர்களா? அந்தத் திட்டியும் உடைந்தால் நீங்கள் இன்னொரு தரம் மௌத்தாவீர்கள் என்று எனக்குப் பட்டது. மற்ற வருஷங்களில் வீடு உடையும்போது திரும்பி வந்து சொல்ல நீங்கள் இருந்தீர்கள். இந்த வருஷம் உடைந்தால் அதைத் திரும்பக் கொண்டுவர யார் இருக்கிறார்? அதைவிட, இன்னொன்றும் உண்டு. சொல்ல வெட்கமாக இருக்கிறது. பதினாறு வருஷம் நாம் இரண்டு பேரும் மட்டும் வைத்திருந்த நாட்டை இருநூறு மண்வெட்டிக்குக் கொடுக்க எனக்கு மனம் வரவில்லை. ஊரில் எல்லாருக்கும் எல்லாம் இருக்கிறது, எனக்கு இது மட்டும்தான் என்று நினைத்தேன். வயிற்றெரிச்சல்தான், வேறு என்ன பெயர் அதற்கு?

மூன்றாம் நாள் மத்தியானம், லுஹர் தொழுகை நேரம், களப்போரத் தெருவில் ஒரு சத்தம் கேட்டது. பெரிய சத்தமில்லை. நனைந்த மூட்டையை நிலத்தில் போட்ட மாதிரி. அதற்குப் பிறகு ஆமினாவின் குரல்.

ஆமினாவை உங்களுக்குத் தெரியும். என் வயதுக்காரி, ஒன்றாக ஓதப் போனவள். புருஷன் போய்ச் சேர்ந்து ஏழு வருஷம், ஒற்றைத் தறியோடும் ஒற்றை ஆட்டோடும் தனியாக இருந்தவள். அவளுடைய மண்சுவர் தண்ணீரில் ஊறி அப்படியே இடிந்து உட்கார்ந்துவிட்டது. தறிக்குழி சேறு. ஆட்டை அந்தச் சுவர் ஓரம்தான் கட்டியிருந்தாள். வெள்ளாட்டுக்கு அவள் வைத்த பெயர் சீனி. இடிந்த வீட்டைப் பற்றி அவள் ஒரு வார்த்தை சொல்லவில்லை. "என்ட சீனி, என்ட சீனி" என்றுதான் கத்திக்கொண்டிருந்தாள்.

ஸுபைதா அவளை முழங்காலளவு தண்ணீரில் இழுத்துக்கொண்டு வந்து என் அறைக்குள் விட்டாள். கட்டிலின் நாலு காலுக்கும் கல் வைத்து உயர்த்தி அதில் நான் உட்கார்ந்திருந்தேன். ஆமினா நனைந்த உடம்போடு என் காலடியில் உட்கார்ந்தாள். என்னைப் பார்த்து அவள் சொன்னது என்ன தெரியுமா? "உனக்கு இத்தா நேரத்தில இந்தக் கரச்சல் வேறயா கா? பாவம் நீ."

எனக்கு அந்த இடத்திலேயே மூச்சு நின்றிருக்கலாம்.

"இஸ்மாயிலைக் கூப்பிடு" என்றேன் ஸுபைதாவிடம். "விதானையாரையும் கூட்டி வரச் சொல்லு. நான் கதைக்கணும்."

"இத்தாவில வெளி ஆம்புளையளோடயா? லாத்தா, உங்களுக்குப் பைத்தியமா?"

"பள்ளி லெப்பையிட்டக் கேட்டுட்டு வரட்டும். கெதியாப் போ!"

கொஞ்ச நேரத்தில் நாலு கால்கள் தண்ணீரில் நடந்து வந்து திரைக்கு அப்பால் நிற்கிற சத்தம் கேட்டது. இஸ்மாயில் சொன்னான், "லெப்பை சொன்னார், திரைக்கு அங்கால இருந்து தேவையானதைக் கதைக்கிறதுக்குத் தடை இல்லையாம்." வட்டைவிதானை இருமினார். அவ்வளவு பெரிய மனிசன் முழங்கால் தண்ணீரில் என் வாசலில் நிற்கிறார்.

"சொல்லு மகள்" என்றார்.

எனக்கு அங்காலையின் பெயர்கள்தான் தெரியும், மெய்யான இடங்களின் பெயர் ஒன்றும் தெரியாது. கண்ணை மூடிக்கொண்டேன். நீங்கள் கடதாசி கேட்கும்போது மூடிக்கொள்வீர்களே, அப்படி.

"வடக்க ஒரு திட்டி இரிக்கும். மூணு தாழை நிக்கும். ஒண்டு சாஞ்சது" என்றேன்.

"ஓம்" என்றான் இஸ்மாயில். "இரிக்கி."

"அதுக்கு அங்கால சிப்பி ஓட்டு மேடு ஒண்டு இரிக்கணும். கச்சானுக்குச் சத்தம் வரும்."

"ஓம் லாத்தா. இரிக்கி."

ஒவ்வொன்றுக்கும் அவன் ஓம், ஓம் என்றான். பதினாறு வருஷமாக நான் பாதி கற்பனை என்று நினைத்த ஒவ்வொன்றும் இந்த மண்ணின் மேல் நின்றுகொண்டிருந்தது. நான் அழத் தொடங்கினேன். குரலில் காட்டாமல் சொல்லி முடித்தேன். திட்டியின் காலடியில் தொடங்க வேண்டும். கடலைப் பார்த்து நேரே வெட்டாமல் தெற்கே வளைத்து, கடலுக்குத் தோளைக் காட்டி வெட்ட வேண்டும். களப்புப் பக்கத்துக் கடைசி முழத்தை விட்டு வைத்து, அங்காலை ஆறு கடலுக்குப் போகிற காலை நேரம், கடல் வற்றும்போது அதைத் திறக்க வேண்டும்.

"திட்டி மறைப்பா நிக்கும், அலை உள்ள வராது" என்று வட்டைவிதானை தனக்குத் தானே சொல்லிக்கொண்டார். "வெட்டி முடிஞ்ச பொறகு திட்டி நிக்குமா மகள்?"

"நிக்காது" என்றேன். "உடைஞ்சு போகும். ஒவ்வொரு வருஷமும் அப்படித்தான்."

அன்று இரவு முழுவதும் வெட்டினார்கள். மறுநாள் காலை, வெயில் ஏறி வரும்போது, கடைசி முழத்தைத் திறந்தார்கள். ஆற்றுவாய் திறந்த சத்தம் இந்த அறைக்குள் கேட்டது. நூறு தறி ஒன்றாக ஓடுகிற மாதிரி. ஆமினா என் கையைப் பிடித்துக்கொண்டு "அல்ஹம்துலில்லாஹ்" என்றாள். அஸருக்குள் நம் முற்றத்துத் தண்ணீர் வடிந்தது, பூவரச மரத்தடியில் மண் தெரிந்தது. நெல்லில் பாதி தப்பிவிட்டது என்று பிறகு சொன்னார்கள். இஸ்மாயில் வந்து, "மூணு தாழையும் போயிட்டுது லாத்தா" என்றான்.

அதற்குப் பிறகு ஊர் என்னைப் புகழத் தொடங்கியது. திரைக்குப் பின்னால் இருந்துகொண்டு ஊரைக் காப்பாற்றினவள் என்று. நிந்தவூரிலிருந்து உங்கள் சொந்தக்காரப் பெண்கள் பஸ்ஸில் வந்து என்னைப் பார்த்துவிட்டுப் போனார்கள். கேட்கக் கேட்க நெஞ்சு எரியும். ஆமினா போக இடமில்லாமல் இந்த அறையிலேயே தங்கிவிட்டாள். என் சோற்றைக் கொண்டுவருகிறாள், தலைக்கு எண்ணெய் வைக்கிறாள். பகலில் ஸுபைதாவின் தறியில் அரைவாசி நேரம் நெய்கிறாள். ஆட்டைப் பற்றி ஒரு நாளும் கதைப்பதில்லை. ஆனால் ஆடு தின்கிற பலாவிலையைக் கண்டால் அவள் கை தானாகப் பறித்துவிடும், பிறகு அதைக் கையில் வைத்துக்கொண்டு நிற்பாள்.

இத்தா முடிந்து குளித்த மூன்றாம் நாள், என்னை ஆற்றுவாய்க்குக் கூட்டிப் போகச் சொல்லி அடம்பிடித்தேன். பொம்பிளைகள் போகிற இடமில்லை என்று ஸுபைதா முகத்தைச் சுளித்தாள். வட்டைவிதானை தன் மாட்டு வண்டியையே அனுப்பிவிட்டார், இனி யார் என்ன சொல்வது? காலையில் ஸுபைதா, ஆமினா, நான், மூன்று பேரும் போனோம்.

மச்சான், நான் அங்காலையைக் கண்டேன்.

வாடை அடங்கிவிட்டது. ஆற்றுவாய் ஒரு வாய்க்கால் அளவுக்கு ஒடுங்கிக் கிடந்தது. ஒரு பக்கம் களப்பு, ஒரு பக்கம் கடல், நடுவில் மணல். நீங்கள் சொன்ன எல்லாம் அங்கே இருந்தது. சிப்பி மேடு இருந்தது. அடம்பன் கொடி ஓடியிருந்தது. நான் சொன்னது ஒன்றுமே இல்லை. ஒரு வீடு இல்லை, ஒரு வாசல் இல்லை, "இண்டைக்கா?" என்று கேட்க ஒரு ஆள் இல்லை. பதினாறு வருஷம் நான் குடியேற்றின சனம் எங்கே போனது? வெறும் மணலைப் பார்த்துக்கொண்டு நின்றேன். உங்களை மையவாடிக்குக் கொண்டுபோன அன்றைக்குக்கூட நான் அவ்வளவு தனியாக இருக்கவில்லை.

வடக்குத் திட்டி இருந்த இடத்தில் தண்ணீர்தான் நின்றது. ஆனால் அதற்குத் தெற்கே கொஞ்சம் தள்ளி, கணுக்கால் உயரத்துக்கு ஒரு மேடு எழும்பியிருந்தது. புது மணல், வெள்ளை வெளேரென்று. ஆமினா செருப்பைக் கழற்றிக் கையில் எடுத்துக்கொண்டு அதன் மேல் ஏறி நின்றாள். நாட்டை அவள் பார்த்தாள், பிறகு என்னைப் பார்த்தாள்.

"இந்த இடத்தையா கா உன்ட மனிசன் சொல்லி வெச்சிருந்தார்?" என்று கேட்டாள். "உனக்கு எப்ப இந்த ஞாபகம் வந்த? ஒரு நாள் முந்தி வந்திருந்தா என்ட சீனி இருந்திரிக்கும்."

அவள் குற்றமாகச் சொல்லவில்லை. மழை ஒரு நாள் முந்தி விட்டிருக்கலாம் என்று சொல்கிற மாதிரித்தான் சொன்னாள். கேட்டுவிட்டு, குனிந்து காலடி மணலை ஒரு கை அள்ளிப் பார்த்தாள். ஸுபைதா வண்டிக்குக் கூப்பிட்டாள், ஏறி வீட்டுக்கு வந்துவிட்டோம்.

ஆறு நாளாக அந்தக் கேள்வி என்னோடு இருக்கிறது. அவளோடு ஒரு கோப்பையில் சாப்பிடுகிறேன்.

நாளைக் காலை, சுபஹ் தொழுது, பிளேன்டீ ஊற்றி அவள் கையில் கொடுத்துவிட்டுச் சொல்லப்போகிறேன். எனக்கு ஞாபகம் பிந்தி வரவில்லை ஆமினா, முந்தின நாளே தெரியும், கேட்டபோது இல்லை என்று சொன்னேன் என்று. லெப்பையிடம் போய்ப் பாவமன்னிப்புக் கேட்பது வேறு, அது அல்லாஹ்வுக்கும் எனக்கும் உள்ளது. இது அவளுக்கும் எனக்கும் உள்ளது. அவள் பாயைச் சுருட்டிக்கொண்டு போகலாம். போனால் இந்த அறையில் பிறகு நான் மட்டும்தான். கதைக்கவும் ஆள் இல்லை, எண்ணெய் வைக்கவும் ஆள் இல்லை. அதை நினைக்கப் பயமாக இருக்கிறது. ஆனாலும் சொல்வேன், மச்சான். இது உங்களுக்கு நான் தருகிற வாக்கு.

அவள் போகாமல் இருந்தால், அங்காலையில் அவளுக்கு ஒரு வீடு கொடுக்க யோசித்திருக்கிறேன். நம் வீட்டுக்குப் பக்கத்தில், இரண்டு வாசலும் ஒரு ஆட்டுக்கொட்டிலும் வைத்து. இத்தனை வருஷத்தில் அந்த மணலில் நான் கண்ணால் கண்ட முதல் மனிசி அவள்தான். சனத்தை நான் பார்த்துக்கொள்கிறேன். காற்றை மட்டும் எப்படியாவது நீங்கள் அனுப்பி வையுங்கள்.

இப்படிக்கு,
அடுப்படிக்குள் ஒளிந்த உங்கள் மாமியின் மகள்,
வடக்குத் திட்டியில் உங்கள் வீட்டுக்காரி,
றாபியா